மூன்று தரம் சொல்லும் கட்டை

ஜனவரி 11, ஞாயிறு

போகிக்கு முன்னால் பரணைக் காலி செய்துவிடலாம் என்று ஏறினேன். இறங்கும்போது மணி இரண்டு. உடைந்த அரிவாள்மனை ஒன்று, அடி போன பித்தளைப் பானைகள் இரண்டு, அப்பாவின் ரேடியோ, ஓர் எலிக் குடும்பம். எல்லாவற்றுக்கும் பின்னால், அப்பாவின் பழைய வேட்டியில் சுற்றி, தம்பி காசியின் தொட்டில் கட்டை.

இத்தனை வருஷமாக அது இந்த வீட்டில்தான் இருந்திருக்கிறது. எரித்துவிட்டார்கள் என்று நினைத்திருந்தேன்.

லேபில் புதிதாகச் சேர்ந்திருக்கும் சேலத்துப் பெண் போன வாரம்தான் கேட்டாள், "சொல்லி மரம்னா என்னக்கா?" என்று. மலையடிவாரத்தில் எங்கள் நாலைந்து ஊர்களில் மட்டும் இருக்கும் மரம், கேட்டதை வைத்துக்கொண்டு திருப்பிச் சொல்லும் என்றேன். குரல் மட்டுமில்லை, அன்றைய வாசனையும் வரும். அதில் கட்டில், கதவு எதுவும் செய்ய மாட்டோம். எந்த வீட்டில்தான் எல்லாவற்றையும் திருப்பிக் கேட்க முடியும்? பிள்ளை பிறந்தால் மட்டும் ஒரு முழத் துண்டு. சேலைத் தொட்டிலை விரித்துப் பிடிக்க நடுவில் செருகுகிற கட்டை அது. எந்தப் பிள்ளைக்குக் கட்டினார்களோ அந்தப் பிள்ளை தொட்டிலில் கிடக்கும்போது மட்டும்தான் அதற்குக் காது திறக்கும். கடைசியாகக் கிடந்த அன்று கேட்டது தங்கும், முந்தியதெல்லாம் அழிந்துவிடும். அந்தப் பிள்ளையின் கல்யாணத்தில் வெதுவெதுப்பான நல்லெண்ணெய் தடவி எல்லோருமாக உட்கார்ந்து கேட்பார்கள். மூன்று தரம் சொல்லும். அப்புறம் வெறும் விறகு.

"உங்க கட்டை என்னக்கா சொல்லிச்சு?" என்றாள். எனக்கு இன்னும் கல்யாணம் ஆகலையே, நாற்பத்து மூன்று வயசுதானே ஆகிறது, அவசரமென்ன என்றேன். சிரிப்பதா வேண்டாமா என்று தெரியாமல் முழித்தாள்.

கட்டையைத் துடைத்து பீரோ மேல் வைத்தேன்.


ஜனவரி 13, செவ்வாய்

அம்மாவைக் குளிப்பாட்டும் நாள். இடுப்பெலும்பு உடைந்து ஐந்து மாதமாகிறது. ஒருக்களித்துப் படுக்க வைத்து, முதுகைத் துடைத்து, பவுடர் போட்டு, சேலை மாற்ற ஒரு மணி நேரம்.

"வெந்நி ஏன் இப்படிக் கொதிக்கு? என்னையும் கொன்னுரலாம்னு பாக்கியா?"

அந்த 'யும்' முப்பத்தாறு வருஷமாக எங்களோடு இந்த வீட்டில் சாப்பிட்டுத் தூங்கி எழுந்துகொண்டிருக்கிறது. வெந்நீரில் பச்சைத் தண்ணீர் கலந்தேன். அது நடந்தபோது எனக்கு ஏழு வயது. அம்மா ஒரு கல்யாண வீட்டுக்குப் போயிருந்தாள். எனக்குக் காய்ச்சல் என்று விட்டுவிட்டுப் போனாள். புறவாசல் கதவின் கொண்டியை நான் எடுத்தேன், திரும்பப் போடவில்லை. காசிக்கு இரண்டரை வயது. கதவைத் தாண்டினால் வாய்க்கால். கொண்டியின் சில்லிப்பு இன்னும் என் உள்ளங்கையில் இருக்கிறது. இதற்கு மேல் எழுத ஒன்றுமில்லை.

அப்பா மட்டும் என்னை ஒரு வார்த்தை சொன்னதில்லை. பெண் பார்க்க வந்தவர்களிடம் ஊரில் யாராவது விஷயத்தைப் போட்டு வைப்பார்கள். பிள்ளையைப் பார்த்துக்கொள்ளத் தெரியாத கை என்று மூன்று இடம் தட்டிப்போனது. மூன்று தடவையும் அப்பா என்னைக் குற்றாலத்துக்குக் கூட்டிப்போய் வாழைக்காய் பஜ்ஜி வாங்கிக் கொடுத்தார். "நீ என்னம்மா செய்வ, சின்னப்புள்ளை" என்பார். கடைசித் தடவை எனக்கு இருபத்தெட்டு வயது. அவர் போய் ஒரு வருஷமாகப் போகிறது. அவர் ஒருத்தர் இருந்ததால்தான் நான் பைத்தியமாகாமல் இருந்தேன்.


ஜனவரி 15, வியாழன்

பொங்கல். உலகம்மாள் அத்தை கரும்போடு வந்தாள். அப்பாவின் தங்கை, அடுத்த தெருவில்தான் வீடு. வந்ததும் பீரோ மேல்தான் கண் போனது.

"இதை எங்கிருந்து எடுத்த?"

"பரண்ல கிடந்துது அத்தை."

"செத்த புள்ளை கட்டை வீட்டுல இருக்கக்கூடாதுட்டி. அதான் இந்த வீடு வெளங்கவே இல்லை. குடு, நான் கொண்டுபோய் அடுப்புல வச்சிருதேன்."

முப்பத்தாறு வருஷம் இருந்துவிட்டது, பொங்கலன்றைக்கே எரிக்க வேண்டுமா என்றேன். அத்தை பொங்கல் கூடச் சரியாகச் சாப்பிடவில்லை. இரண்டு உருண்டை வெல்லம் போட்டும் இனிப்பு பத்தவில்லையாம். போகும்போது மறுபடியும் கேட்டாள். அத்தைக்குச் சாங்கியங்களில் நம்பிக்கை அதிகம்.


ஜனவரி 16

அம்மாவுக்குச் சுகர் 212. பொங்கலைக் கண்ணில் காட்டியிருக்கக் கூடாது.


ஜனவரி 18, ஞாயிறு

அத்தை மறுபடி வந்தாள், கட்டைக்காக. நான் குளித்துக்கொண்டிருந்தேன். அம்மா கொடுக்க மாட்டேன் என்றுவிட்டாளாம். இந்த விஷயத்தில் அம்மாவும் நானும் ஒரே கட்சி. ஆச்சரியம்தான்.


ஜனவரி 22, வியாழன்

அம்மா இன்றைக்குக் கட்டையை மடியில் வைக்கச் சொன்னாள். தடவிக்கொண்டே இருந்தாள். காசியின் குரலைக் கேட்க ஆசையாக இருக்குமே, எண்ணெய் காய்ச்சட்டுமா என்றேன். கல்யாணத்துக்கு இருந்தால்தானே தடவ முடியும், செத்த பிள்ளைக் கட்டையைத் தடவக் கூடாது என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, என்னிடம் இல்லாமல் சுவரிடம் சொல்வது போல,

"இது அவன் சொல்லையே வச்சிருக்காதோ என்னமோ. முதல்ல உனக்குக் கட்டுனது. அவன் பொறக்கும்போது மரம் வெட்டத் தடை போட்டுட்டாவ, புதுக் கட்டை கிடைக்கலை. உங்கப்பா உன்னோடதையே எடுத்துக் கட்டிட்டாவ. எல்லாரும் காசி கட்டை காசி கட்டைன்னு சொல்லி எனக்கே மறந்து போச்சு."

என்னுடையது! எனக்கென்று இந்த வீட்டில் ஒரு பொருள் இருந்திருக்கிறது.

அன்றைக்குக் காய்ச்சலில் நான் அந்தத் தொட்டிலில்தான் சுருண்டு கிடந்தேன் என்று அத்தை எப்போதோ சொன்னதாக ஞாபகம். ஏழு வயதுக் கழுதைக்குத் தொட்டில் கேட்டதாம்.


ஜனவரி 25, ஞாயிறு

மதியம். அம்மா தூங்கினாள். மரம் உளுத்துப் போயிருக்கிறதா என்று பார்ப்பதற்காகத்தான் எண்ணெய் தடவினேன்.

காசி சிரித்தான்.

மற்றதைப் பிறகு எழுதுகிறேன்.


ஜனவரி 26, திங்கள்

விடுமுறை. திரைச்சீலைகளைத் துவைத்தேன். மிக்ஸியின் அடியில் படிந்திருந்த தேங்காயை ஊசியால் சுரண்டி எடுத்தேன். மண்ணெண்ணெய் போட்டு ஜன்னல் கம்பிகளைத் துடைத்தேன். கூடத்தில் அப்பாவின் படத்தைத் துடைக்கவில்லை.


ஜனவரி 28, புதன்

எழுதிவிடுகிறேன்.

முதலில் வாசனை வந்தது. குழந்தைப் பவுடர், காய்ச்சல் மருந்தின் ஆரஞ்சு வாசனை. பிறகு காசி. "அக்கா ஆடு, அக்கா ஆடு" என்று தொட்டிலில் கிடக்கும் என்னைத் தள்ளுகிறான். ஒவ்வொரு தள்ளுக்கும் ஒரு சிரிப்பு. என் குரல் இல்லை, நான் அரைத் தூக்கத்தில் இருந்திருப்பேன். "மெதுவாத் தள்ளுடே" என்று அப்பா. பிறகு என் மூச்சு. நன்றாகத் தூங்குகிறவளின் மூச்சு.

என் மூச்சுக்கு நடுவே கொண்டி எடுக்கும் சத்தம். கதவு. அப்பாவின் இருமல். பீடி வாசனை. அப்பா திரும்பி வந்து வாசல் பக்கம் போகிற செருப்புச் சத்தம். கொண்டி போடும் சத்தத்துக்காகக் காத்திருந்தேன். அது வரவே இல்லை. வெறும் காலால் ஓடுகிற சின்னச் சத்தம். நான் அப்போதும் தூங்கிக்கொண்டிருக்கிறேன்.

அப்புறம் கூச்சல், ஆட்கள், வாய்க்கால் சேற்று வாசனை. அப்புறம் பக்கத்தில், தொட்டிலுக்கு நேர் மேலே, அப்பாவும் அத்தையும்.

"தூங்குதாளா?"

"மருந்து குடுத்திருக்குல்லா. அடிச்சுப் போட்டாலும் எந்திரிக்க மாட்டா."

"நான்தாம்ட்டி உலகு கொண்டியை எடுத்தேன். ஒரு பீடி குடிக்கப் போனேன். போடாம வந்துட்டேன்."

"சத்தம் போடாதண்ணே. மதினி இப்ப வந்துருவா. தெரிஞ்சா உன்கூட ஒரு நாள் இருப்பாளா? அவ அண்ணன் தம்பிமாரு உன்னைய உசுரோட விடுவாவளா?"

அப்பா அழுகிறார். அத்தைதான் பேசுகிறாள்.

"இவா எடுத்தான்னு சொல்லுவோம். பெத்த புள்ளையை எந்தத் தாயும் தள்ளி வச்சிர மாட்டா. சின்னப்புள்ளை, நாலு நாள்ல எல்லாம் மறந்துரும்."

"இவா நான் எடுக்கலைன்னு சொன்னா?"

"காய்ச்சல்ல கிடந்த புள்ளைக்கு என்ன தெரியும்? ரெண்டு தரம் கேட்டா அவளே நம்பிருவா."

தொட்டில் கயிறு கிறீச்சிடுகிறது. பிறகு அப்பா, குற்றாலத்தில் பஜ்ஜி வாங்கித் தரும்போது பேசுகிற அதே குரலில், அதே கனிவில்:

"ஆவுடை, எந்திரிம்மா. புறவாசல் கொண்டியை எடுத்தியாம்மா நீ?"

அங்கே நான் கண் விழித்து எழுந்திருப்பேன். தொட்டிலை விட்டு இறங்கியிருப்பேன். கட்டை அதோடு நின்றுவிட்டது.

அவர்கள் அதைக் காசியின் கட்டை என்றே நினைத்துப் பேசியிருக்கிறார்கள். அவன்தான் செத்துவிட்டானே, கட்டைக்கு ஏது காது என்று. அது என்னுடையது என்று அத்தைக்குப் பிற்பாடு உறைத்திருக்க வேண்டும், அதனால்தான் அடுப்பில் வைக்க அவ்வளவு அவசரம்.


ஜனவரி 30, வெள்ளி

லேபில் ரத்தம் எடுக்க ஊசி குத்தும்போது இன்று இரண்டு பேருக்கு நரம்பு கிடைக்கவில்லை. பதினேழு வருஷத்தில் எனக்கு இப்படி ஆனதில்லை.

அப்பா சைக்கிள் கற்றுக் கொடுத்தார். அப்பா பஜ்ஜி வாங்கிக் கொடுத்தார். அப்பா அம்மாவின் ஏச்சுக்கு நடுவில் வந்து நின்று, "விடு, சின்னப்புள்ளை" என்றார். ஒரு தடவை, ஒரே ஒரு தடவை, 'அவ இல்லை' என்று சொல்லியிருக்கலாமே அந்த மனுஷன்! சாகும்போதாவது என் காதில் சொல்லியிருக்கலாம். ஆஸ்பத்திரியில் பதினோரு நாள் நான்தான் பக்கத்தில் இருந்தேன். கடைசி நாள் என் கையைப் பிடித்துக்கொண்டு "நீ நல்லா இருக்கணும்" என்றார். நான் அழுதேன், எப்பேர்ப்பட்ட அப்பா என்று.

இன்னொன்று. எனக்கு உண்மை தெரிந்த பிறகும் கையில் அந்தக் கொண்டியின் சில்லிப்பு போகவில்லை. இரும்பின் கனம் கூட ஞாபகம் இருக்கிறது. தொடாத கொண்டி! இரண்டு தரம் கேட்டால் நம்பிவிடுவாள் என்றாளே அத்தை, கெட்டிக்காரிதான்.


பிப்ரவரி 8, ஞாயிறு

பத்து நாள் யோசித்தேன். அம்மாவிடம் சொல்லாமல் இருக்க முடியாது. எனக்கு வேண்டியது பெரிதாக ஒன்றுமில்லை. அவள் வாயிலிருந்து ஒரு சொல். நீ இல்லையா அது, என்று. அது போதும்.

காலை பத்து மணிக்கு முதுகுக்குத் தலையணை வைத்து உட்கார்த்தி, எண்ணெயை வெதுவெதுப்பாக்கி, அவள் முன்னாலேயே தடவினேன். இரண்டாம் தரம்.

காசியின் சிரிப்பு வந்ததும் அம்மாவின் கை தானாக மேலே எழுந்தது, தொட்டிலைப் பிடிப்பது போல. கண்ணில் பொலபொலவென்று நீர். அப்பாவும் அத்தையும் பேசியபோது கண்ணை மூடிக்கொண்டாள். முழுவதும் கேட்டாள். ஒரு சொல் விடாமல் கேட்டாள், நான் அவள் முகத்தைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

முடிந்தது. காத்திருந்தேன்.

"எம்மா. கேட்டியா?"

"கேட்டேன்."

"என்ன கேட்ட?"

அம்மா மூக்கை முந்தானையில் துடைத்தாள். "அக்கா ஆடுங்கான் பாத்தியா. அவனுக்கு 'க்' வராது, 'அத்தா'ன்னுதான் சொல்லுவான்னு நினைச்சிட்டு இருந்தேன். எவ்வளவு சுத்தமாச் சொல்லுதான்." பிறகு, "இன்னொரு தரம் தடவுட்டி."

நான் அவளையே பார்த்தேன். இன்னும் ஒரு தரம்தான் மிச்சம் இருக்கிறது, அது அப்பாவின் தலைத்திவசத்தன்று, மாமா, அத்தை எல்லோர் முன்னாலும் என்றேன்.

"செத்தவிய பேரை எதுக்குக் கெடுக்க?"

"எம் பேரு?"

அம்மா சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டாள். இடுப்பு வலிக்கிறதாம். தைலம் தேய்த்துவிட்டேன். எதற்குத் தேய்த்தேன் என்று தெரியவில்லை.


பிப்ரவரி 12

அம்மா இரண்டு நாளாக என்னிடம் நயமாகப் பேசுகிறாள். "சாப்பிட்டியாட்டி?" என்று கேட்டாள் இன்று. என் வயிறெல்லாம் குளிர்ந்துவிட்டது, வெட்கமில்லாமல் எழுதுகிறேன். ஆனால் அடுத்த சொல்லே கட்டை எங்கே என்பதுதான். என் துணிகளுக்கு அடியில் வைத்துப் பூட்டியிருக்கிறேன் என்றேன். சாவி எங்கே என்று கேட்கவில்லை. சாமி மாடத்தில்தான் எப்போதும் இருக்கும், அவளுக்குத் தெரியும்.


பிப்ரவரி 19, வியாழன்

லேபிலிருந்து ஒரு மணிக்கு வந்தேன். தெருவாசலிலேயே பவுடர் வாசனை வந்தது. செருப்பைக்கூடக் கழற்றாமல் உள்ளே ஓடினேன்.

அம்மா கட்டிலில் சாய்ந்திருந்தாள். பக்கத்தில் ஸ்டூலில் அத்தை, உள்ளங்கை இரண்டிலும் எண்ணெய். மடியில் என் கட்டை. என்னைப் பார்த்ததும் அத்தை அதைச் சேலையால் மூடினாள், இனிமேல் மூடி என்ன பிரயோஜனம்!

"பெத்தவ ஆசைப்பட்டா," என்றாள் அத்தை. "போன் போட்டுக் கூப்பிட்டா. நான் என்ன செய்ய?"

அம்மாவின் முகத்தை இப்படி நான் பார்த்ததே இல்லை. பத்து வயது குறைந்திருந்தாள். "ஏழு தரம் ஆடுன்னான்ட்டி," என்றாள் என்னிடம், நல்ல சேதி சொல்வது போல. "இந்தத் தரம் எண்ணுனேன்."

கட்டையைப் பிடுங்கிக் காதில் வைத்தேன். எண்ணெய் பிசுக்குத்தான். பூரிக்கட்டையைக் காதில் வைத்தால் எப்படி இருக்குமோ அப்படி.

கத்தினேன். இந்த வீட்டில் நான் கத்தியது இதுதான் முதல் தடவை. என்ன சொல்லிக் கத்தினேன் என்று எழுத வெட்கமாக இருக்கிறது, வருத்தமாக இல்லை. அத்தைக்கு எது அழிய வேண்டுமோ அது அழிந்தது, அம்மாவுக்கு எது கேட்க வேண்டுமோ அது கேட்டது. இரண்டு பேருக்கும் நடுவில் நான் ஒருத்தி இருந்தேன் என்பது இரண்டு பேருக்குமே தோன்றவில்லை. அத்தையையாவது விடலாம், அவளுக்குப் பயம். பெற்றவளுக்கு என்ன வந்தது? நான் செய்யவில்லை என்று தெரிந்துகொண்டே செய்தாள்.

அத்தை போன பிறகு அம்மாவுக்கு மாத்திரை கொடுத்தேன். விழுங்கிவிட்டு, "கோவமா?" என்றாள். நான் டம்ளரை வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன்.


பிப்ரவரி 27

திவசத்துக்கு இருபத்தைந்து பேர். காய்கறி சொல்லியாயிற்று. வாழைக்காய், அவரைக்காய், பூசணி, சேனை. வடைக்கு உளுந்து நாளை மறுநாள் விடியுமுன் ஊறப் போட வேண்டும்.


மார்ச் 1, ஞாயிறு

ஐயர் பதினொன்றரைக்கு முடித்துக்கொண்டு கிளம்பினார். முதல் பந்தி உட்கார்ந்தது. அம்மாவைச் சக்கர நாற்காலியில் கூடத்துக்குக் கொண்டுவந்து அப்பாவின் படத்துக்குப் பக்கத்தில் வைத்திருந்தோம். எல்லோரும் வந்து அவள் கையைப் பிடித்துவிட்டு இலைக்குப் போனார்கள். அத்தை வடை வைத்துக்கொண்டு போனாள். நான் ரச வாளி.

அம்மாவின் தம்பி, அம்பாசமுத்திரம் மாமா, சோற்றைக் குழிக்கிற போதே ஆரம்பித்தார். "அத்தானை மாதிரி மனுஷன் உண்டா? ஒத்தை ஆம்பளப் புள்ளையைப் பறிகுடுத்தாவ. வேற ஒருத்தனா இருந்தா இந்தப் புள்ளையை என்ன பாடு படுத்தியிருப்பான்! ஒரு சொல் சொன்னதில்லையே."

எல்லோரும் தலையாட்டினார்கள். நான் சொல்ல வேண்டும் என்று திட்டமிடவில்லை. வாய் தானாகத் திறந்தது.

"கொண்டியை எடுத்தது நான் இல்லை மாமா. அப்பா."

பந்தி முழுக்க நின்றுவிட்டது. அத்தை வடைத் தட்டோடு திரும்பினாள். "எதை வச்சிச் சொல்லுதட்டி? திவசத்தன்னிக்கு இப்படிப் பேசலாமா?"

"கட்டை சொல்லிச்சு. அம்மா ரெண்டு தரம் கேட்டா. நீங்களும் கேட்டிய. அம்மாட்டயே கேளுங்க."

மாமா, மாமாவின் மகன்கள், அத்தை மகள்கள், எல்லோரும் அம்மாவைப் பார்த்தார்கள். நானும் பார்த்தேன். அந்த ஒரு நிமிஷம் நான் நிஜமாகவே நம்பினேன். இத்தனை பேர் முன்னால் பொய் சொல்ல அவளுக்கு வாய் வராது என்று நம்பினேன்.

அம்மா என்னைப் பார்க்கவில்லை. அப்பாவின் படத்தில் மாலை சாய்ந்திருந்ததை நேராக்கினாள்.

"விடு தம்பி. அவ அப்ப சின்னப்புள்ளை," என்றாள். "நான் அவளை என்னைக்கோ மன்னிச்சிட்டேன்."

மாமா இடது கையால் கண்ணைத் துடைத்தார். "இதுதான் பெத்த மனசு," என்றார் யாரோ. பெரிய மனசு, தங்க மனசு என்று வரிசையாகச் சொன்னார்கள். அத்தையின் மகள் ஒருத்தி என் தோளைத் தட்டி, அழுதிருங்க மதினி, மனசுல வைக்காதீங்க என்றாள்.

நான் அழவில்லை. எல்லோருக்கும் கேட்கிற மாதிரி, நிதானமாகச் சொன்னேன்.

"எம்மா, நான் உன்னைய மன்னிக்கலை."

அம்மா அப்போதுதான் முதல் தடவையாக என் முகத்தைப் பார்த்தாள். நான் அவள் பார்வையை வாங்கிக்கொண்டு அப்படியே நின்றேன். கடைசி இலையில் இருந்த காது கேளாத பெரியவர், "ரசம்," என்றார். போய் ஊற்றினேன்.